கோழி மல்லாந்து விழுந்தால் தப்பித்தாள்

கேள்வி இது: "செல்போனில் பணம் அனுப்புகிற காலத்தில் ஆப்பிரிக்காவில் இன்னும் கிழவிகளைச் சூனியக்காரி என்று ஊரைவிட்டுத் துரத்துகிறார்கள். கானாவில் அவர்களுக்கென்று தனி முகாமே இருக்கிறதாம். இது வெறும் அறியாமைதானே? படிப்பு வந்தால் போய்விடாதா?"

முகாம் இருப்பது உண்மை. அறியாமை என்கிற பகுதியை மட்டும் கொஞ்சம் பொறுமையாகப் பிரித்துப் பார்க்க வேண்டும். ஆப்பிரிக்கா என்பது ஐம்பதுக்கும் மேற்பட்ட நாடுகள். எல்லாவற்றையும் ஒரே சொல்லில் முடிக்க முடியாது என்பதால் வடக்கு கானாவை நடுவில் வைத்து, தேவைப்படும்போது வேறு ஊர்களுக்குப் போய்வருகிறேன்.

கானாவின் தலைநகர் அக்ரா தெற்கே கடலோரத்தில் இருக்கிறது. அங்கிருந்து வடக்கே ஒரு முழுநாள் பயணம் போனால் காடு மெலிந்து, சோளமும் கம்பும் விளைகிற வறண்ட சமவெளி வரும். டாகோம்பா, மாம்ப்ருசி, கொன்கொம்பா மக்களின் பூமி அது. காம்பாகா, குகுவோ, க்பாட்டிங்கா, ஞானி என்று முகாம்கள் இருக்கிற ஊர்கள் எல்லாம் அங்கேதான். (ஆமாம், ஞானி. ஊர்ப்பெயரை எழுதினால் தமிழில் அப்படித்தான் வருகிறது.) முகாம் என்றதும் முள்வேலியும் காவலாளியும் மனதில் வரும். அப்படி ஒன்றும் இல்லை. வட்டவட்டமான மண் குடிசைகள், மேலே புல் கூரை, ஊரை ஒட்டி ஒரு சேரிபோல. நூற்றுக்கணக்கான பெண்கள் இப்படி வாழ்கிறார்கள். பெரும்பாலோர் அறுபதைத் தாண்டியவர்கள். பலர் ஒரு பேத்தியைக் கூட்டிக்கொண்டு வந்திருப்பார்கள், தண்ணீர் எடுக்கவும் விறகு பொறுக்கவும் ஒரு துணை வேண்டுமே. அந்தப் பிள்ளையின் பள்ளிப் படிப்பு அத்தோடு போச்சு.

காம்பாகாவில் ஒரு தலைவர் இருக்கிறார், காம்பாரானா என்பது அவர் பட்டம். துரத்தப்பட்டு வருகிற பெண்ணுக்கு அவர் முன்னால் ஒரு சோதனை நடக்கும். கோழியின் கழுத்தை அறுத்து வீசுவார்கள். துடித்துத் துடித்து அது மல்லாந்து, சிறகு வானத்தைப் பார்க்க விழுந்து செத்தால் அவள் குற்றமற்றவள். குப்புற விழுந்தால் சூனியக்காரி. சரி, குற்றமற்றவள் என்று வந்துவிட்டால் ஊருக்குத் திரும்பிவிடலாமா? இங்கேதான் விஷயம். கோழி அவளுக்குச் சாதகமாக விழுந்த பிறகும் திரும்பப் போக முடியாமல் அங்கேயே தங்கிவிட்டவர்கள் உண்டு. ஊர் தீர்ப்பு எழுதிவிட்டுத்தான் அவளை அனுப்பியிருக்கிறது.

இந்த இடத்தில் இரண்டு விஷயத்தைப் பிரிக்க வேண்டும். சூனியம் உண்டு என்று நம்புவது ஒன்று. "இதோ இவள்தான்" என்று ஒருத்தியைக் கை காட்டுவது வேறொன்று. முதலாவது கானாவில் பரவலாக இருக்கிறது, பேராசிரியரிடமும் வங்கி மேலாளரிடமும்கூட. ஆனால் எல்லா ஊரிலும் எல்லாக் கிழவியும் துரத்தப்படுவதில்லை. அப்படியானால் நம்பிக்கையை மட்டும் வைத்து இந்தக் கொடுமையை விளக்க முடியாது.

முதலில் நம்பிக்கையைப் பார்ப்போம். 1920களில் ஒரு பிரிட்டிஷ் மானிடவியலாளர், இப்போது தெற்கு சூடானாக இருக்கிற பகுதியில் அசாண்டே மக்களோடு வாழ்ந்தார். அவர் எழுதிவைத்த ஓர் உதாரணம் இன்றுவரை இந்தப் பேச்சில் வராமல் இருக்காது. அசாண்டே ஊர்களில் தானியம் சேமிக்கிற குதிர்களைக் கனத்த மரக்கால்கள் மேல் தூக்கிக் கட்டியிருப்பார்கள். வெயில் நேரத்தில் அதன் நிழலில் உட்கார்ந்து பேசுவார்கள். ஒருநாள் குதிர் சரிந்து, கீழே உட்கார்ந்திருந்தவர்கள் நசுங்கிப் போவார்கள். கரையான் அரித்து மரக்கால் முறிந்தது என்பது அசாண்டேக்காரருக்கு நன்றாகவே தெரியும். வெயிலுக்காக நிழலில் ஒதுங்கினார்கள் என்பதும் தெரியும். அவருடைய கேள்வி அதற்கு அடுத்தது: ஏன் இந்த ஆட்கள் உட்கார்ந்திருந்த இந்த நேரத்தில் விழுந்தது?

நாம் இதற்குக் காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்தது என்போம். அசாண்டேக்காரரிடம் அதைச் சொன்னால், "சரி, அந்தக் காக்கையை அனுப்பியது யார்?" என்று கேட்பார். தற்செயல் என்ற பெட்டியே அந்தச் சிந்தனையில் இல்லை. நாமும் அந்தப் பெட்டியில் எதையெல்லாம் அடைத்து வைத்திருக்கிறோம் என்று யோசித்தால் கொஞ்சம் அடக்கம் வரும். தலையெழுத்து, முன்வினை, ஏழரைச் சனி. ஒரே வித்தியாசம், சனி பகவான் பக்கத்து வீட்டில் குடியிருக்கவில்லை. எள் விளக்கு ஏற்றிவிட்டு வரலாம். சூனியத்துக்குக் காரணமானவருக்கோ முகமும் பெயரும் வீடும் உண்டு.

மொழியால் வருகிற ஒரு குழப்பத்தையும் சொல்லிவிடுகிறேன். நாம் சூனியம், செய்வினை என்று சொன்னால் அதில் ஒரு செயல் இருக்கிறது. ஒருவர் மந்திரவாதியிடம் போகிறார், காசு கொடுக்கிறார், பொம்மையோ தகடோ புதைக்கப்படுகிறது. ஆப்பிரிக்காவில் பல சமூகங்களில் இதற்கு ஒரு சொல்லும், உடம்பிலேயே ஊறியிருக்கிற சக்திக்கு வேறு சொல்லும் உண்டு. அசாண்டேக்காரர் அந்த இரண்டாவதை மங்கு என்கிறார்கள். வயிற்றுக்குள் இருக்கிற ஒரு பொருள், பெற்றவரிடமிருந்து பிள்ளைக்கு வருவது. தெற்கு கானாவின் அக்கான் மக்கள் பாயி என்பது, ஆள் தூங்கும்போது உடம்பைவிட்டுக் கிளம்பிப் போய்ச் சொந்தக்காரரின் உயிரைத் தின்கிற சக்தி. எந்தத் தகடும் வேண்டாம். தனக்கு அது இருப்பது அவளுக்கே தெரியாமல்கூட இருக்கலாம். நம் சொற்களில் இதற்குக் கிட்டத்தில் வருவது செய்வினை அல்ல, கண்ணேறுதான். அதனால்தான் "நான் ஒன்றும் செய்யவில்லை" என்று அவள் கதறுவதால் பயன் இல்லாமல் போகிறது. அவள் எதையோ செய்ததாக யாரும் சொல்லவே இல்லையே.

அக்கான் மக்களிடம் இன்னொன்றும் சொல்வார்கள்: பாயி குடும்பத்துக்குள்தான் வேலை செய்யும், அந்நியனைத் தொடாது. இதுதான் சாவி. அந்நியர்மேல் சந்தேகம் எழுவது அபூர்வம். சக்களத்திமேல் எழும், அத்தைமேல் எழும், மாமியார்மேல் எழும். ஒரே முற்றத்தில் மூன்று மனைவிகள், ஒருத்தியின் பிள்ளைகள் பள்ளியில் தேறுகிறார்கள், இன்னொருத்தியின் பிள்ளைக்கு மாறி மாறிக் காய்ச்சல் வருகிறது. சந்தேகம் முளைக்க இது போதாதா?

வடக்கு கானாவில் பெண்களின் வாழ்க்கை நகர்கிற விதத்தையும் இதோடு சேர்த்துப் பாருங்கள். கணவன் இறந்தபின், பிள்ளை பெறும் வயதைத் தாண்டிய விதவை பெரும்பாலும் பிறந்த வீட்டுக்குத் திரும்புகிறாள். அப்பா இருக்க மாட்டார். அண்ணனோ தம்பியோ, அவர்களும் போயிருந்தால் அவர்களுடைய பிள்ளைகளோதான் வீட்டுக்காரர்கள். அங்கே அவள் அத்தை. நிலம் அவள் பேரில் இல்லை. சொந்த மகன் பக்கத்தில் இருந்தால் ஒரு பலம், அவனும் தெற்கே குமாசிக்கோ அக்ராவுக்கோ கூலி வேலைக்குப் போயிருப்பான். சோறு போட வேண்டிய ஒரு வாய் என்பதுதான் அந்த வீட்டில் அவள் கணக்கு. மழைக்கு முந்தைய மாதங்களில் குதிர் காலியாக இருக்கும்போது அந்தக் கணக்கு இன்னும் உறுத்தும்.

அப்போது ஒரு குழந்தைக்குக் காய்ச்சல். மலேரியாவாக இருக்கலாம். அந்தப் பிரதேசம் மேற்கிலிருந்து கிழக்காக ஆப்பிரிக்காவைக் கடந்து போகிற மூளைக்காய்ச்சல் பட்டையிலும் வருகிறது. வறண்ட மாதங்களில் அது காலையில் விளையாடிய பிள்ளையை மறுநாளே கொண்டுபோய்விடும். குழந்தை ஜுர வேகத்தில் "அத்தை துரத்துகிறாள்" என்று பிதற்றுகிறது. அல்லது வீட்டில் ஒருவன், அவள் கத்தியோடு வருவதாகக் கனவு காண்கிறான். கனவு அங்கே சாட்சி. குறி சொல்கிறவர் உறுதிப்படுத்துகிறார். அப்புறம் இளைஞர்கள் திரள்கிறார்கள், இரவோடு இரவாக அவள் ஓட வேண்டும்.

ஓட முடியாமலும் போகும். 2020 ஜூலையில் கஃபாபா என்ற ஊரில் 90 வயது மூதாட்டி ஒருவரைப் பட்டப்பகலில் அடித்தே கொன்றார்கள். குறி சொல்ல வந்த ஒரு பெண்தான் அவரைக் கை காட்டியது. சுற்றி நின்றவர்கள் செல்போனில் படம் பிடித்தார்கள், அதன் வழியாகத்தான் நாடே பார்த்து அதிர்ந்தது. செல்போன் வந்தால் இதெல்லாம் போகும் என்று நினைப்பவர்கள் அந்தக் காட்சியை ஒருமுறை யோசித்துப் பார்க்கலாம்.

இது பட்டிக்காட்டு விவகாரம் என்றும் தள்ள முடியாது. 2010 நவம்பரில் 72 வயதுப் பெண் ஒருவர் உயிரோடு எரிக்கப்பட்டது டெமாவில். அக்ராவை ஒட்டிய துறைமுக நகரம், தொழிற்சாலைகள் நிறைந்த இடம்.

வடக்கு கானாவில் அத்தை என்றேன். வேறு ஊர்களுக்குப் போனால் கை காட்டப்படுகிற ஆளே மாறிவிடுகிறார். எனக்கு இந்த விஷயத்திலேயே மிக முக்கியமாகத் தோன்றுவது இதுதான்.

தான்சானியாவின் வடமேற்கில் சுகுமா மக்களிடம் கிழவிகளின் சிவந்த கண்தான் சூனியத்தின் அடையாளம். ஆயுள் முழுக்கச் சாணி வறட்டியும் விறகும் எரித்த புகையில் சமைத்தவளுக்குக் கண் சிவக்காமல் என்ன செய்யும்? அங்கே மியாட்டு மாவட்டத்தில் 67 கிராமங்களின் தகவலைத் திரட்டி ஒரு பொருளாதார ஆய்வாளர் 2005-ல் ஒரு கட்டுரை வெளியிட்டார். மழை பொய்த்த ஆண்டுகளிலும் வெள்ளம் வந்த ஆண்டுகளிலும் சூனியக்காரி என்று நடக்கும் கொலைகள் மற்ற ஆண்டுகளைவிட இரண்டு மடங்கு ஆகியிருந்தன. மற்ற கொலைகள் அப்படிக் கூடவில்லை. செத்தவர்கள் ஏறக்குறைய எல்லாருமே வயதான பெண்கள், கொலையில் பெரும்பாலும் சொந்தக்காரர்களின் கை இருந்தது. நம்பிக்கை வருடா வருடம் ஏறி இறங்குவதில்லை. ஏறி இறங்குவது சோறு.

கென்யாவின் கடலோரம் கிலிஃபிக்கு வாருங்கள். அங்கே பயந்து வாழ்கிறவர்கள் நரைத்த தலை ஆண்கள். நிலம் அவர்கள் பேரில் இருக்கிறது, பிள்ளைகளும் தம்பி பிள்ளைகளும் விற்கத் துடிக்கிறார்கள். சூனியக்காரன் என்று ஒரு வார்த்தை கிளப்பினால் கிழவர் ஊரைவிட்டு ஓடுவார், இல்லாவிட்டால் வெட்டப்படுவார். தலைக்கு மை பூசிக்கொண்டு நடமாடும் கிழவர்களைப் பற்றிக் கென்யப் பத்திரிகைகளில் செய்தி வந்திருக்கிறது.

கின்ஷாசாவில், காங்கோ ஜனநாயகக் குடியரசின் தலைநகரில், கை காட்டப்படுவது குழந்தை. லிங்காலா மொழியில் சூனியக்காரருக்கு ந்டோகி என்று பெயர். ஐம்பது அறுபது வருடம் முன்பு அந்தச் சொல் கிழவர் கிழவிகளைத்தான் குறித்தது. 1990களில் பொருளாதாரம் சிதைந்தது, போர் வந்தது, எய்ட்ஸ் வந்தது. அப்பா அம்மாவை இழந்த பிள்ளைகள் சித்தப்பா, பெரியம்மா வீடுகளில் ஒண்டினார்கள். அந்த வீடுகளிலும் ஒருவேளைச் சோறுதான். படுக்கையில் சிறுநீர் போகிறவன், வலிப்பு வருகிறவன், திக்குகிறவன், வயதுக்கு மீறிய கெட்டிக்காரி என்று எதை வைத்தும் ந்டோகி ஆக்கலாம். அதை உறுதிசெய்து, பேய் ஓட்டித் தருகிறேன் என்று காசு வாங்கியவர்கள் புதிதாக முளைத்த கிறிஸ்தவ எழுப்புதல் சபைகளின் போதகர்கள். பட்டினி போடுவது, கண்ணில் மிளகாய் விடுவது எல்லாம் அதில் அடக்கம். ஷேகே என்று அழைக்கப்படும் கின்ஷாசாவின் தெருப்பிள்ளைகளில் பலர் இப்படி வீட்டைவிட்டுத் துரத்தப்பட்டவர்கள். நிலைமை எவ்வளவு முற்றியது என்றால், குழந்தையைச் சூனியம் என்று குற்றம் சாட்டுவது தடைசெய்யப்படுகிறது என்று 2006-ல் அந்த நாடு தன் அரசியல் சட்டத்திலேயே எழுத வேண்டிவந்தது.

வடக்கு கானாவில் மகன் அருகில் இல்லாத அத்தை. மியாட்டுவில் பஞ்ச காலத்துக் கிழவி. கிலிஃபியில் நிலம் வைத்திருக்கிற தாத்தா. கின்ஷாசாவில் அனாதைப் பிள்ளை. நம்பிக்கை கிட்டத்தட்ட ஒன்றுதான். யார்மேல் விழுகிறது என்பதை ஒவ்வொரு ஊரின் குடும்பக் கணக்கும் தீர்மானிக்கிறது.

"பழைய காலத்து மிச்சம்" என்ற எண்ணத்தையும் கைவிட வேண்டும். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தெற்கு கானாவில் கோகோ பயிர் பரவி, சிலர் கையில் திடீரென்று பணம் புரண்டது. அதே காலத்தில் சூனியக்காரரைக் கண்டுபிடிக்கும் புதுப்புதுக் கோயில்களும் பரவின. 1908-ல் பிரிட்டிஷ் அரசு அப்படி ஒரு வழிபாட்டைத் தடை செய்தது, அதன் பெயர் அபெரேவா. அர்த்தம் கிழவி. இன்னும் அண்மையில், 2009-ல் காம்பியாவில் அதிபர் யாஹ்யா ஜாம்மேயின் ஆட்சியில், சூனியக்காரர்களைப் பிடிக்க வெளிநாட்டிலிருந்து ஆட்களை வரவழைத்து, காவல்துறையும் ராணுவமும் கூடவே போய், கிராமம் கிராமமாக முதியவர்களை அள்ளிக்கொண்டு வந்தார்கள். ஆயிரம் பேர்வரை இருக்கும் என்று ஆம்னெஸ்டி என்கிற மனித உரிமை அமைப்பு சொன்னது. மயக்கம் தரும் ஏதோ கஷாயத்தை அவர்களுக்குக் கட்டாயமாகப் புகட்டினார்கள், சிலர் செத்தே போனார்கள். இதை அறியாமை என்ற கணக்கில் எழுதினால் ஜாம்மே சிரிப்பார்.

சட்டம் என்ன செய்கிறது? கென்யாவில் 1925-ல் ஆங்கிலேயர் போட்ட சட்டம், தென்னாப்பிரிக்காவில் 1957-ல் வெள்ளையர் அரசு போட்ட சட்டம், இரண்டும் ஏறக்குறைய ஒரே அச்சு. சூனியம் என்று ஒன்று இல்லை, எனவே அடுத்தவரைச் சூனியக்காரர் என்பது குற்றம். கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. ஊர்க்காரர் கண்ணில் அது வேறு மாதிரி தெரிந்தது: கொலைகாரியை விட்டுவிட்டு, காட்டிக் கொடுத்தவனைப் பிடிக்கிறார்கள், அரசாங்கமே சூனியக்காரர் பக்கம். கேமரூன் இதற்கு நேர் எதிர்த் திசையில் போனது. 1980களில் அந்நாட்டின் கிழக்கு மாகாண நீதிமன்றங்கள், ந்காங்கா எனப்படும் மருந்துக்காரரை, அதாவது குறி சொல்லி மருந்து கொடுப்பவரை, சாட்சிக் கூண்டில் ஏற்றி, "இவரிடம் அந்தச் சக்தி இருக்கிறது" என்று அவர் சொன்னதை வைத்து ஆட்களைச் சிறைக்கு அனுப்பின. இரண்டில் எது மோசம் என்று கேட்டால் எனக்குத் தயக்கமே இல்லை, இரண்டாவதுதான். அங்கே கோழிக்குப் பதில் நீதிபதி.

கானாவில் கஃபாபா கொலைக்குப் பிறகு எழுந்த குரல்களின் பலனாக, 2023 ஜூலையில் நாடாளுமன்றம் ஒரு சட்டத் திருத்தத்தை நிறைவேற்றியது. யாரையும் சூனியக்காரர் என்று அறிவிப்பதோ, பெயர் சூட்டுவதோ, குற்றம் சாட்டுவதோ தண்டனைக்குரியது என்றது அது. அப்போதைய அதிபர் அகுஃபோ-அடோ கையெழுத்துப் போட மறுத்தார். தனிநபர் மசோதாவாக வந்த ஒன்று அரசுக் கருவூலத்தில் செலவு வைக்கக் கூடாது என்ற அரசியல் சட்ட விதியைக் காரணம் காட்டினார்.

முகாம்களையே மூடிவிட்டால் என்ன என்று அடிக்கடி கேட்கிறார்கள். வெளிநாட்டுப் பத்திரிகையாளர் யாராவது வந்து படம் எடுத்துப் போட்டால் இந்தப் பேச்சு சூடாகும். 2014 டிசம்பரில் போன்யாசே முகாமை அரசு மூடியும் பார்த்தது. ஆனால் முகாம் இந்தப் பெண்களை அடைத்து வைக்கவில்லை. அந்த மண்ணின் தெய்வம் சூனிய சக்தியை அடக்கிவிடும் என்று அக்கம்பக்கத்து ஊர்கள் நம்புகின்றன, அதனால்தான் அங்கே அவளை யாரும் தொடுவதில்லை. அவளைத் துரத்திய அதே நம்பிக்கைதான் அவளுக்குக் கூரையும் கொடுக்கிறது. ஆகவே அங்கிருக்கும் பெண்களைக் கேட்டால் பலர் திரும்பிப் போக விரும்பவில்லை என்கிறார்கள். தூரத்திலிருந்து பார்க்கிற நமக்கு அது சிறையாகத் தெரிகிறது. கூரை ஒழுகினால் மாற்ற ஆள் இல்லாத, தலைவரின் வயலில் வேலை செய்து கொடுக்க வேண்டிய, அறுவடை முடிந்த நிலத்தில் சிந்திய தானியத்தைப் பொறுக்குகிற வாழ்க்கை என்பதும் உண்மைதான்.

எது பலன் தரும் என்று கேட்டால், மியாட்டு ஆய்வாளர் சொன்ன யோசனை எனக்குப் பிடிக்கும்: வயதான பெண்களுக்கு ஓய்வூதியம் கொடுங்கள். மாதாமாதம் காசு கொண்டுவருகிற அத்தையைத் துரத்த யாருக்கு மனம் வரும்? பகுத்தறிவுப் பிரசாரம் வேண்டாம் என்று சொல்லவில்லை. நைஜீரியாவில் லியோ இக்வே போன்றவர்கள் உயிரைப் பணயம் வைத்து அதைச் செய்கிறார்கள். ஆனால் ஒரு ஊரின் மனது மாறும்வரை அந்தக் கிழவி உயிரோடு இருக்க வேண்டுமே.

காம்பாகாவில் பிரஸ்பிட்டீரியன் சபை பல வருடமாக ஒரு வேலையைச் சத்தமில்லாமல் செய்துவருகிறது. பெண்ணின் குடும்பத்தைத் தேடிப் போய், ஊர்த் தலைவரிடம் பேசி, மறுபடியும் போய்ப் பேசி, சரி வரட்டும் என்ற வார்த்தையை வாங்கிய பிறகே அவளைக் கூட்டிப் போவது. சில பெண்கள் அப்படிப் போயிருக்கிறார்கள். கிளம்புமுன் காம்பாரானாவிடம் விடைபெற ஒரு சடங்கு இருக்கிறது, அதற்கு ஆடு கோழி தர வேண்டும். கையில் ஒன்றுமில்லாத அவளுக்கு அதை யார் வாங்கிக் கொடுப்பது என்பதில் பல பயணங்கள் நின்றுபோகின்றன.